ஜோ ரபோஸோ: குழந்தைத் தொலைக்காட்சியில் ஓர் இசைவாழ்வு

ஜோ ரபோஸோ (1937–1989) அமெரிக்கக் குழந்தைத் தொலைக்காட்சிக்கு இசையமைத்தவர்களில் முதல் வரிசையில் வைத்துப் பேசப்படுபவர். 'செசமி ஸ்ட்ரீட்' நிகழ்ச்சியின் முதல் இசை இயக்குநர் அவரே. அதன் முகப்புப் பாட்டுக்கு மெட்டும் அவருடையது. மேடை நாடகம், திரைப்படம், பெரியவர்களுக்கான தொலைக்காட்சித் தொடர் என்று வேறு பல இடங்களிலும் வேலை செய்தார். ஆனால் அவர் பெயர் நிலைத்தது, மூன்று வயதிலிருந்து ஐந்து வயது வரையுள்ள பிள்ளைகளுக்காகக் கெடு நெருக்கும் அவசரத்தில் எழுதிக் கொடுத்த சின்னச் சின்னப் பாட்டுகளால்தான். பிள்ளைகளுக்கு என்றால் சுமாரான இசை போதும் என்ற எண்ணம் அந்தத் தொழிலில் ஊறிக்கிடந்த காலம் அது. அந்த எண்ணத்தை மாற்றியவர்களில் ரபோஸோவின் பங்கு பெரிது.

தொலைக்காட்சி அமெரிக்க வீடுகளுக்குள் நுழைந்த முதல் இருபது ஆண்டுகளில், குழந்தை நிகழ்ச்சிக்கென்று தனி இசையமைப்பாளரை அமர்த்துவது அரிது. 1947இல் என்.பி.சி. தொடங்கிய 'ஹவ்டி டூடி' பொம்மலாட்ட நிகழ்ச்சி, 19ஆம் நூற்றாண்டின் கடைசியில் மேடைகளில் கொடிகட்டிப் பறந்த 'டா-ரா-ரா-பூம்-டி-ஏ' என்ற மெட்டுக்குப் புது வரிகளைப் போட்டுத் தன் முகப்புப் பாட்டாக்கிக்கொண்டது. 1955இல் சி.பி.எஸ். தொடங்கிய 'கேப்டன் கங்காரு'வின் முகப்பிசை, எட்வர்ட் ஒயிட் என்ற ஆங்கிலேயர் எழுதிய 'பஃபிங் பில்லி'. அது அந்த நிகழ்ச்சிக்காக எழுதப்பட்டதே அல்ல. கேட்டவர்களுக்கு வாடகைக்குக் கொடுப்பதற்காக முன்கூட்டியே பதிந்து அடுக்கி வைத்திருந்த இசைத்தட்டுகளில் ஒன்று. இங்கிலாந்தில் பி.பி.சி.யின் குழந்தைகள் வானொலி நிகழ்ச்சி ஒன்றும் அதே தட்டைத்தான் முகப்பிசையாக வைத்திருந்தது. அட்லாண்டிக்கின் இரு கரைப் பிள்ளைகளும் வெவ்வேறு நிகழ்ச்சிக்காக ஒரே இசையைக் கேட்டு வளர்ந்தார்கள். வால்ட் டிஸ்னியின் 'மிக்கி மௌஸ் கிளப்' போன்ற சில நிகழ்ச்சிகள் சொந்தமாகப் பாட்டெழுதிக்கொண்டன. டிஸ்னிக்கு அதற்கான வசதி இருந்தது. மற்றவர்களுக்கு, காசு மிச்சம் என்பதே முதல் யோசனை.

ரபோஸோ பிறந்தது 1937 பிப்ரவரி 8. மாசசூசெட்ஸ் மாநிலத்து ஃபால் ரிவர் நகரில். பஞ்சாலைகளால் எழுந்து, பஞ்சாலைகள் மூடியபோது நொடித்துப்போன ஊர் அது. ஆலை வேலைக்காக வந்து தங்கிய போர்ச்சுக்கீசியக் குடும்பங்கள் அங்கே ஏராளம்; ரபோஸோவின் பெற்றோரும் போர்ச்சுக்கலிலிருந்து வந்து குடியேறியவர்கள். தந்தை இசை தெரிந்தவர், பிறருக்குக் கற்பித்தவர்; மகனின் முதல் பாடம் வீட்டிலேயே நடந்தது. அங்கிருந்து ஹார்வர்ட் பல்கலைக்கழகத்துக்குப் போய் 1958இல் பட்டம் பெற்றார். அங்கே பாடத்தைவிட மாணவர் நாடகங்களுக்கு இசையமைப்பதில்தான் அவருக்கு நாட்டம் அதிகம். பிறகு பாரிஸில் நாதியா பூலாஞ்ஜேயிடம் பயின்றார். ஆரன் கோப்லண்ட், ஆஸ்டர் பியாசோலா, குவின்சி ஜோன்ஸ், பிலிப் கிளாஸ் என்று ஒருவர் பாணி இன்னொருவருக்கு வராத இத்தனை பேருக்கும் குரு அந்த அம்மையார். ஒவ்வொரு ஸ்வரமும் ஏன் அங்கே இருக்கிறது என்று கேட்டுக் கணக்குத் தீர்ப்பவர் என்று பெயர் வாங்கியவர். பின்னாளில் 'குக்கி' (பிஸ்கட்) என்ற சொல்லுக்கு மெட்டுப் போட்டவர் இந்தப் பட்டறையிலிருந்து வந்தவர் என்பதை மறந்துவிடக் கூடாது.

1960களின் நடுவில் நியூயார்க்குக்கு வந்தவருக்குக் கிடைத்தவை மேடையோர வேலைகள்: ஒத்திகைக்குப் பியானோ வாசிப்பது, பாடுபவரின் குரலுக்கேற்ப மெட்டை வேறு சுருதிக்கு மாற்றித் தருவது, நான்கைந்து வாத்தியங்களுக்குப் பிரித்து எழுதுவது. பெரிய பெயர் வாங்கித் தராத வேலைகள்தாம். ஆனால் சிறு குழுவைக் கொண்டு நிறைந்த ஓசை எழுப்புவது எப்படி, நடிகர் அடி தவறினால் வாத்தியத்தால் தாங்கிப் பிடிப்பது எப்படி என்பதெல்லாம் அங்கேதான் பழகும். 1967இல் சிறிய அரங்கு ஒன்றில் தொடங்கிப் பெருவெற்றி பெற்ற 'யூ ஆர் எ குட் மேன், சார்லி பிரவுன்' இசை நாடகத்தில் அவர் இசை மேற்பார்வையாளர். அதே காலகட்டத்தில், பொம்மைக் கலைஞர் ஜிம் ஹென்சனும் எழுத்தாளர் ஜான் ஸ்டோனும் சேர்ந்து எடுத்த 'ஹே சிண்ட்ரெல்லா!' என்ற தொலைக்காட்சிப் படத்துக்கும் இசையமைத்தார். அந்த அறிமுகம்தான் வாழ்க்கையின் திசையைத் தீர்மானித்தது.

செசமி ஸ்ட்ரீட்டின் தொடக்கம் 1966இல் நியூயார்க்கில் நடந்த ஓர் இரவு விருந்தில். தொலைக்காட்சித் தயாரிப்பாளர் ஜோன் கான்ஸ் கூனியும் கார்னகி அறக்கட்டளையைச் சேர்ந்த உளவியலாளர் லாயிட் மோரிசெட்டும், பள்ளிக்குப் போகுமுன் பிள்ளைகளுக்குத் தொலைக்காட்சி எதையாவது கற்பிக்க முடியுமா என்று பேசிக்கொண்டார்கள். ஏழைக் குடும்பத்துப் பிள்ளைகள் முதல் வகுப்பில் நுழையும்போதே பின்தங்கிவிடுகிறார்கள் என்பது அன்று நாடே பேசிய கவலை. ஆராய்ந்து பார்த்த கூனிக்கு ஒன்று கண்ணில் பட்டது: எழுத்துத் தெரியாத பிள்ளைகள்கூட பீர் விளம்பரப் பாட்டுகளை அட்சரம் பிசகாமல் பாடுகிறார்கள். பீரை விற்கும் அதே உத்தியால் எழுத்தையும் எண்ணையும் விற்றால் என்ன? இந்தக் கேள்வி எழுந்த கணத்தில், நிகழ்ச்சியில் இசையமைப்பாளருக்கு ஆசிரியருக்குச் சமமான இடம் உறுதியாகிவிட்டது. விளம்பரத்தை மனத்தில் பதிய வைப்பது படமல்ல, மெட்டுதானே!

1968இல் குழந்தைகள் தொலைக்காட்சிப் பயிலகம் என்ற அமைப்பு உருவானது. கார்னகி, ஃபோர்டு அறக்கட்டளைகளும் அமெரிக்க அரசும் சேர்ந்து 80 லட்சம் டாலர் கொடுத்தன. 'கேப்டன் கங்காரு'வில் பணியாற்றிய ஜான் ஸ்டோன் முதன்மை எழுத்தாளர்களில் ஒருவராக வந்தார். வாடகைத் தட்டு இசையின் அலுப்பு அவருக்கு நன்றாகத் தெரியும். அவர் ரபோஸோவை அழைத்தார். 1969 நவம்பர் 10 அன்று முதல் நிகழ்ச்சி ஒளிபரப்பாகியது.

முகப்புப் பாட்டு அவசரத்தில் பிறந்தது. வரிகளில் புரூஸ் ஹார்ட், ஸ்டோன், ரபோஸோ மூவரின் கையும் உண்டு. வெயில், நல்ல நாள், நட்பு என்று தேய்ந்த வரிகளாக இருப்பதாக ஸ்டோனுக்கே பின்னாளில் வெட்கம்; மெட்டை மட்டும் அவர் மெச்சத் தவறவில்லை. அந்தக் கணிப்பு சரியானதே. பாட்டின் உயிர் நடையில் இருக்கிறது. பள்ளிப் பிரார்த்தனைபோல் நிமிர்ந்து நிற்காமல், ஜாஸ் சாயலில் துள்ளித் துள்ளிப் போகும் நடை. பாடியவர்கள் குழந்தைகள், குரல்கள் ஒன்றோடொன்று கச்சிதமாகச் சேராமல் கொஞ்சம் கரடுமுரடாக இருப்பதை யாரும் செதுக்கித் திருத்தவில்லை. கூடவே பெல்ஜிய நாட்டு ஜாஸ் கலைஞர் டூட்ஸ் தீல்மன்ஸின் மவுத் ஆர்கன். தெருவோரத்தில் யாரோ உட்கார்ந்து வாசிப்பதுபோன்ற அந்த ஓசை, நிகழ்ச்சியின் களம் கோட்டையோ காடோ அல்ல, நியூயார்க்கின் சாதாரணத் தெரு என்பதை ஒரு வார்த்தை இல்லாமல் சொல்லிவிடுகிறது.

முதல் பருவத்தில் மட்டும் ஒரு மணிநேர நிகழ்ச்சிகள் 130. ஒவ்வொரு மணியும் ஒரு நிமிடம், இரண்டு நிமிடம் என்று பல துண்டுகளால் ஆனது. பாதிக்கு மேற்பட்ட துண்டுகளுக்கு ஏதோ ஒரு வகையில் இசை வேண்டும். எழுத்தாளரிடமிருந்து வரும் தாளில் சில சமயம் முழுப் பாட்டும் இருக்கும், சில சமயம் கற்பிக்க வேண்டிய பாடம் மட்டுமே இருக்கும்: மேலே–கீழே என்ற வேறுபாடு, ஒரு குறிப்பிட்ட எழுத்து, பொறுமையாகக் காத்திருத்தல். அதற்கு மெட்டமைத்து, வாத்தியங்களுக்குப் பிரித்தெழுதி, படப்பிடிப்புக்குள் ஒலிப்பதிவை முடித்துக் கொடுக்க வேண்டும். வாத்தியக் குழு சிறியதுதான். ஆனால் அதில் இருந்தவர்கள் நகரின் முதல்தர ஜாஸ் கலைஞர்கள். சாக்ஸபோன் மேதை சோனி ரோலின்ஸோடு பல்லாண்டு வாசித்த பாப் கிரான்ஷாதான் இங்கேயும் பேஸ் வாசித்தார், அதுவும் இருபது ஆண்டுகளுக்கு மேல். இரவில் கிளப் மேடை, பகலில் குக்கி பாட்டு. இந்த ஏற்பாட்டின் பயனை இன்றும் கேட்கலாம்: பழைய துண்டுகளில் பொம்மையின் குரலை மறந்துவிட்டு அடியில் ஓடும் பேஸை மட்டும் கவனித்தால், அங்கே யாரும் பிள்ளைகளுக்காக இறங்கி வாசிக்கவில்லை என்பது விளங்கும்.

பொம்மைப் பாட்டுகள் போக, 16 மி.மீ. படச்சுருளில் எடுத்த குறும்படங்களும் உண்டு. விலங்குகள், வேலை செய்யும் மனிதர்கள், ஓடையில் விளையாடும் பிள்ளைகள் என்று வசனமே இல்லாத காட்சிகள். இவற்றுக்கு விளக்கவுரை எழுதுவதற்குப் பதிலாக ரபோஸோ பாட்டெழுதினார். சிலவற்றில் பாடும் குரலும் அவருடையதே. சில படங்களில் கோமாளி வேடத்தில் அவரே தலைகாட்டியதும் உண்டு.

இந்த நிகழ்ச்சியில் இசையமைப்பாளருக்கு மேலே ஒரு நீதிபதி இருந்தார்: பிள்ளையின் கண். ஆராய்ச்சிப் பிரிவின் தலைவர் எட்வர்ட் பாமர் ஒரு சோதனை முறை வகுத்திருந்தார். அறையில் தொலைக்காட்சிப் பெட்டி ஒன்று. அதன் பக்கத்தில் இன்னொரு திரையில் சுமார் ஏழரை நொடிக்கு ஒருமுறை மாறிக்கொண்டே இருக்கும் படவில்லைகள். பிள்ளை எந்த நொடியில் தொலைக்காட்சியிலிருந்து கண்ணை எடுத்து அந்தப் பக்கம் திரும்புகிறது என்பதை ஒருவர் உட்கார்ந்து குறித்துக்கொண்டே இருப்பார். கண் திரும்பிய இடம் திருத்தப்படும், அல்லது துண்டே கழிக்கப்படும். விமரிசகர் திட்டினால் சமாதானம் சொல்லலாம். நான்கு வயதுப் பிள்ளை முகத்தைத் திருப்பிக்கொண்டால் மேல்முறையீடு கிடையாது. மெட்டு முதல் சில நொடிகளிலேயே பிடித்து இழுக்க வேண்டும் என்ற கட்டாயம் இதனால் வந்தது. இன்னொன்றும் தெரியவந்தது: பெரியவர்களுக்கு அலுக்கும் இடத்தில் பிள்ளைகளுக்கு அலுப்பதில்லை. தெரிந்த பாட்டு திரும்ப வந்தால் உற்சாகம் கூடுகிறது. ஆகவே ஒரே துண்டு பலமுறை ஒளிபரப்பப்பட்டது. நூறு முறை கேட்டாலும் தாங்கக்கூடியதாகப் பாட்டு அமைய வேண்டும் என்பது எழுதப்படாத நிபந்தனையாயிற்று. பக்கத்தில் உட்கார்ந்து கேட்கும் தாய்க்கும் சேர்த்துத்தான் இந்த நிபந்தனை.

அவரது பாட்டுகளில் சிலவற்றை நெருங்கிப் பார்த்தால் கைத்திறன் புலப்படும். 'ஏபிசி-டெஃப்-ஜிஹெச்ஐ' என்ற பாட்டில் பிக் பேர்ட் என்ற பெரிய மஞ்சள் பறவை, சுவரில் எழுதியிருக்கும் ஆங்கில நெடுங்கணக்கின் 26 எழுத்துகளையும் சேர்த்து ஒரே நீளச் சொல்லாகப் படித்துவிட்டு, இதற்கு என்ன பொருளாக இருக்கும் என்று வியக்கிறது. மெட்டு அந்த அசட்டுத்தனத்தைக் கேலி செய்வதில்லை. மேடை நாடகக் கதாநாயகி காதலைப் பாடும் கனிவோடு அந்த உளறல் சொல்லைத் தூக்கிப் பிடிக்கிறது. பறவைக்குத் தெரியாதது தனக்குத் தெரியும் என்ற பெருமை பார்க்கும் பிள்ளைக்குக் கிடைக்கிறது. பாடம் அந்தப் பெருமையின் வழியாக உள்ளே போகிறது. 'சி இஸ் ஃபார் குக்கி' இதற்கு நேரெதிர். அங்கே சொல்ல வேண்டியது ஒரே ஒரு செய்தி. அதைத் திருப்பித் திருப்பிச் சொல்லி, பாடும் அரக்கப் பொம்மையின் பேராசையோடு சேர்த்து, ஊர்வலப் பாட்டுபோல் முழங்கவைத்துவிட்டார்.

'பீயிங் கிரீன்' வேறு சாதி. ஹென்சனின் தவளைப் பொம்மையான கெர்மிட்டுக்கு ஒரு பாட்டு வேண்டும் என்று கேட்டபோது எழுதியது. 1970இல் முதல் பருவத்திலேயே வந்துவிட்டது. தன் பச்சை நிறம் யார் கண்ணுக்கும் படாத சாதாரண நிறமாக இருக்கிறதே என்று வருந்தத் தொடங்கும் தவளை, பாட்டு முடிவதற்குள் அதே நிறத்தோடு சமாதானமாகிறது. மெதுவான நடை. திரும்பத் திரும்ப வரும் பல்லவி இல்லை. அடியில் நகரும் ஸ்வரக் கூட்டுகள் இரவு விடுதி ஜாஸ் பாட்டுக்கு உரியவை. சந்தை விதிகளின்படி இது பிள்ளைகளுக்கு ஆகவே ஆகாத பாட்டு. ஆனால் தோலின் நிறத்தை வைத்து மனிதர்களைப் பிரித்த நாட்டில், குடிசார் உரிமைப் போராட்டங்களின் சூடு ஆறாத ஆண்டுகளில், நிறத்தைப் பற்றி ஒரு தவளை பாடியது என்ன என்பது பெரியவர்களுக்குச் சொல்லாமலே விளங்கியது. நிகழ்ச்சியில் வெள்ளையரும் கறுப்பரும் ஒரே தெருவில் வாழ்வதைக் காரணம் காட்டி மிசிசிப்பி மாநிலத்துக் கல்வித் தொலைக்காட்சிக் குழு 1970 மே மாதம் செசமி ஸ்ட்ரீட்டைத் தடுத்து வைத்ததும், கண்டனம் எழுந்து அம்மாதத்துக்குள்ளேயே பின்வாங்கியதும் இந்தப் பின்னணியில் நடந்தவைதாம். ஃபிராங்க் சினாட்ரா பாட்டைத் தன் குரலில் பதிந்தார். பிறகு வான் மோரிசன், ரே சார்ல்ஸ் என்று வரிசை நீண்டது. ரே சார்ல்ஸ் பாடும்போது தவளை மறைந்து மனிதன் மட்டும் நிற்கிறான்.

1971இல் எழுதிய 'சிங்' வியாபாரத்தில் எல்லாவற்றையும் மிஞ்சியது. பாடு, உரக்கப் பாடு, நன்றாக இருக்கிறதா என்று கவலைப்படாதே என்பதற்கு மேல் அதில் செய்தி எதுவும் இல்லை. மெட்டு பெரும்பாலும் அடுத்தடுத்த ஸ்வரங்களில் நடந்து போகும். எட்டாத உயரத்துக்குத் தாவச் சொல்லாது. நடுவில் வார்த்தையே இல்லாத 'லா லா' பகுதி. வரி மறந்த பிள்ளையும், மொழி தெரியாத பிள்ளையும் அந்த இடத்தில் சேர்ந்துகொள்ளலாம். நிகழ்ச்சியில் அது ஸ்பானிஷ் மொழியிலும் சைகை மொழியிலும் வந்தது இயல்பே. இருவர் குழுவான கார்பென்டர்ஸ், குழந்தைகள் பாடகர் குழுவோடு அதைப் பதிந்து 1973இல் வெளியிட்டபோது, பில்போர்டு பட்டியலில் மூன்றாம் இடம் வரை போனது. ரபோஸோ பெயர் வீட்டுக்கு வீடு தெரிந்தது அப்போதுதான்.

அந்த ஆண்டே இன்னொரு கௌரவமும் வந்தது. பாடுவதிலிருந்து ஓய்வு என்று அறிவித்துவிட்டுத் திரும்பிய சினாட்ரா, மறுவருகைக்கு வெளியிட்ட 'ஓல் ப்ளூ ஐஸ் இஸ் பேக்' தொகுப்பில் ரபோஸோவின் பாட்டுகள் நான்கு. அவற்றில், இடித்துத் தள்ளப்பட்ட பேஸ்பால் மைதானத்தை நினைத்து ஏங்கும் 'தேர் யூஸ்டு டு பி எ பால்பார்க்' இன்றும் மதிக்கப்படுகிறது. மற்ற மூன்றும் உணர்ச்சியைக் கொஞ்சம் அதிகமாகவே பிழிகின்றன. பெரியவர்களுக்கு எழுதும்போது ரபோஸோவிடம் இந்தப் பலவீனம் அடிக்கடி தலைதூக்கும். இரண்டு நிமிடக் கட்டுப்பாடும், கண்ணைத் திருப்பிக்கொள்ளும் பிள்ளையும் இல்லாத இடத்தில் அவர் தேவைக்கு மேல் இழுத்துவிடுவார்.

செசமி ஸ்ட்ரீட்டின் இசை அவர் ஒருவர் தோளில் மட்டும் இருக்கவில்லை. எழுத்தாளராக வந்த ஜெஃப் மாஸ், பாட்டும் மெட்டும் தானே எழுதினார். குளியல் தொட்டியில் எர்னி என்ற பொம்மை பாடும் 'ரப்பர் டக்கி' அவருடையது. 1970இல் பில்போர்டு பட்டியலில் 16ஆம் இடம் பிடித்தது. இருவருக்கும் இடையே போட்டி கடுமையானது, சில சமயம் கசப்பானது என்பது கூட இருந்தவர்கள் அறிந்த சங்கதி. பலன் நிகழ்ச்சிக்குக் கிடைத்தது. எண்களைக் கற்பிக்கும் சித்திரத் துண்டுகளுக்கு வெளியிலிருந்தும் ஆள் பிடித்தார்கள். 'ஜாஸி ஸ்பைஸ்' என்ற வரிசைக்கு இசையமைத்த டென்னி ஸைட்லின் தொழில்முறையில் மனநல மருத்துவர், கூடவே ஜாஸ் பியானோ கலைஞர். எண்களைக் கூவியவர் ராக் பாடகி கிரேஸ் ஸ்லிக்.

இதே காலத்தில் பிட்ஸ்பர்கில் வேறொரு வழிமுறை நடந்துகொண்டிருந்தது. 1968 முதல் நாடு முழுவதும் ஒளிபரப்பான 'மிஸ்டர் ரோஜர்ஸ் நெய்பர்ஹுட்'டில் ஃபிரெட் ரோஜர்ஸே பாட்டுகளை எழுதினார். கல்லூரியில் இசையமைப்பைப் பாடமாக எடுத்துப் படித்தவர் அவர். ஜாஸ் பியானோ கலைஞர் ஜானி காஸ்டா படப்பிடிப்பின்போதே அருகில் அமர்ந்து நேரடியாக வாசிப்பார். ரோஜர்ஸ் ஸ்வெட்டரின் ஜிப்பை ஏற்றி இறக்கினால் பியானோவும் கூடவே ஏறி இறங்கும். பிள்ளைகளுக்கான இசை என்று எளிமைப்படுத்தி வாசிக்க மாட்டேன் என்ற நிபந்தனையோடுதான் காஸ்டா வேலையை ஏற்றார். 1996இல் இறக்கும்வரை அதை விடவும் இல்லை. ரோஜர்ஸின் உலகம் நிதானமானது. செசமியின் உலகம் விளம்பர வேகம் கொண்டது. இரண்டையும் இயக்கியது ஜாஸ் என்பது தற்செயல் அல்ல. காட்சியின் போக்குக்கேற்ப அந்தக் கணமே வளைந்து கொடுக்கும் பயிற்சி ஜாஸ் கலைஞரிடம் கைவசம் இருந்தது.

1971 அக்டோபரில், செசமியைத் தயாரித்த அதே பயிலகம், படிக்கத் தொடங்கிய சற்றே பெரிய பிள்ளைகளுக்காக 'தி எலெக்ட்ரிக் கம்பெனி'யைத் தொடங்கியது. முதல் மூன்று பருவங்களுக்கு ரபோஸோ அங்கும் இசை இயக்குநர். சொல்லின் கடைசியில் ஓசையின்றி நிற்கும் 'ஈ' எழுத்தைப் பற்றி நையாண்டிப் பாடகர் டாம் லேரர் பாட்டெழுதிக் கொடுத்தது இந்த நிகழ்ச்சிக்குத்தான். இரண்டு நிகழ்ச்சிகளின் இசைப் பொறுப்பும் ஒருவர் தலையில் விழுந்த அந்த ஆண்டுகளில் ரபோஸோ எழுதிய துண்டுகள் நூற்றுக்கணக்கில்.

வருமானம் எப்படி வந்தது என்பது இந்தத் தொழிலின் வரலாற்றில் தனியாகப் பார்க்க வேண்டியது. எழுதியதற்குக் கூலி ஒரு பக்கம். தட்டு விற்றால் பாட்டெழுதியவருக்கும் பதிப்பாளருக்கும் பங்கு. பொதுவில் ஒலித்தால், ஒளிபரப்பினால், உரிமைச் சங்கம் வசூலித்துக் கொடுக்கும் தொகை. பொதுத் தொலைக்காட்சிக்கு எழுதுபவருக்குக் கடைசி வகையில் அதிகம் தேறவில்லை; லாப நோக்கில்லாத ஒளிபரப்புக்கு அமெரிக்காவின் பழைய பதிப்புரிமைச் சட்டம் நிறையச் சலுகை காட்டியது. 1976இல் இயற்றி 1978 சனவரி 1 அன்று நடப்புக்கு வந்த புதுச் சட்டம்தான் பொது ஒளிபரப்புக்கென்று கட்டண முறையை ஏற்படுத்தியது. ஆகவே தட்டுகள்தாம் வாழ்வு கொடுத்தன. 1970இல் வந்த முதல் செசமி ஸ்ட்ரீட் இசைத்தொகுப்பு, குழந்தைகளுக்கான சிறந்த பதிவு என்று கிராமி விருது வாங்கியது. ரபோஸோ தன் பாட்டுகளின் பதிப்புரிமையைத் தன் சொந்த நிறுவனமான ஜோனிக்கோ மியூசிக் பெயரில் வைத்திருந்தார். பாடுபவர் கார்பென்டர்ஸானாலும் சினாட்ராவானாலும் பங்கு அவரைத் தேடி வந்தது. குழந்தைப் பாட்டெழுதியவர்களில் இந்த முன்யோசனை இல்லாமல் கூலியோடு நின்றுபோனவர்களே அதிகம்.

1970களின் நடுவில் அன்றாடப் பொறுப்பிலிருந்து விலகினார். செசமியின் இசை இயக்கம் சாம் பாட்டிலிடம் போனது. ஹென்சனின் பொம்மைகள் தோன்றிய 'மப்பெட் ஷோ'வின் முகப்பிசையை ஹென்சனோடு சேர்ந்து அமைத்தவர் இவர்தான். ரபோஸோ 1977இல் ஏ.பி.சி.யின் நகைச்சுவைத் தொடர் 'த்ரீஸ் கம்பெனி'க்கு முகப்பிசை கொடுத்தார். அதே ஆண்டு ரிச்சர்ட் வில்லியம்ஸ் இயக்கிய 'ராகெடி ஆன் அண்ட் ஆண்டி' முழுநீளச் சித்திரப் படத்துக்குப் பாட்டுகள். சிறுவர் நூலாசிரியர் டாக்டர் சூஸின் 'ஹாலோவீன் இஸ் கிரிஞ்ச் நைட்' (1977), 'பான்டாஃபெல் பாக்' (1980), 'தி கிரிஞ்ச் கிரிஞ்சஸ் தி கேட் இன் தி ஹேட்' (1982) ஆகிய தொலைக்காட்சிச் சித்திரங்களுக்கும் அவரே இசை. 1981இல் வந்த 'தி கிரேட் மப்பெட் கேப்பர்' படத்தின் 'தி ஃபர்ஸ்ட் டைம் இட் ஹேப்பன்ஸ்' ஆஸ்கர் பரிந்துரை பெற்றது; விருது 'ஆர்தர்' படப் பாட்டுக்குப் போனது.

பிராட்வே மேடையில் முத்திரை பதிக்க வேண்டும் என்பது அவரது நெடுநாள் ஆசை. அது கைகூடவில்லை. 'ராகெடி ஆன்' மேடை நாடகமாகி 1986 அக்டோபரில் நியூயார்க்கில் அரங்கேறி, ஐந்தே காட்சிகளில் மூடப்பட்டது. பாடலாசிரியர் ஷெல்டன் ஹார்னிக்குடன் சேர்ந்து உருவாக்கிய 'எ வொண்டர்ஃபுல் லைஃப்' அதைவிடத் தேர்ந்த படைப்பு. ஆனால் அதை வாஷிங்டன் அரினா ஸ்டேஜ் முழுமையாக மேடையேற்றியது 1991இல், அவர் மறைந்த பிறகு.

செசமி ஸ்ட்ரீட் வெளிநாடுகளுக்குப் போனபோது அவர் மெட்டு எல்லா இடத்துக்கும் கூடப் போய்விடவில்லை. 1973இல் தொடங்கிய ஜெர்மன் பதிப்பு இங்ஃபிரீட் ஹோஃப்மன் இசையமைத்த தனி முகப்புப் பாட்டை வைத்துக்கொண்டது. இந்தியாவுக்கு நிகழ்ச்சி 'கலி கலி சிம் சிம்' என்ற பெயரில் இந்தியில் வந்தது 2006இல்.

1980களில் ரபோஸோ செசமிக்காக மறுபடி எழுதினார். லிம்போமா என்ற புற்றுநோய் பிடித்த பிறகும் வேலை நிற்கவில்லை. தாமஸ் ரயில் எஞ்சினை அமெரிக்கப் பிள்ளைகளுக்கு அறிமுகப்படுத்திய 'ஷைனிங் டைம் ஸ்டேஷன்' தொடரின் முகப்புப் பாட்டு அவருடையது. தொடர் 1989 சனவரி 29 அன்று தொடங்கியது. ரபோஸோ பிப்ரவரி 5 அன்று, 52 வயது நிறைய மூன்று நாள் இருக்கும்போது, நியூயார்க் மாநிலத்து பிராங்ஸ்வில்லில் காலமானார். அடுத்த ஆண்டு மே மாதம் ஜிம் ஹென்சனும் போய்விட்டார். நியூயார்க்கின் செயின்ட் ஜான் தேவாலயத்தில் நடந்த ஹென்சனின் நினைவுக் கூட்டத்தில் பிக் பேர்ட் தனியாக நடந்து வந்து பாடியது, ரபோஸோ கெர்மிட் தவளைக்காக எழுதிய 'பீயிங் கிரீன்' பாட்டைத்தான்.

அவரது இசைக் கையெழுத்துப் பிரதிகள் வாஷிங்டனில் உள்ள ஜார்ஜ்டவுன் பல்கலைக்கழக நூலகத்தில் இருக்கின்றன. சினாட்ராவும் கார்பென்டர்ஸும் ரே சார்ல்ஸும் பாடிய பதிவுகள் எளிதாகக் கிடைப்பதால் பலரும் அவற்றோடு நின்றுவிடுகிறார்கள். ரபோஸோவின் உண்மையான தரத்தை அறிய விரும்புபவர் முதலில் கேட்க வேண்டியது, 1969க்கும் 1974க்கும் இடையில் சிறு வாத்தியக் குழுவோடு பொம்மைகள் பாடிய மூலப் பதிவுகளை. பின்னால் வந்த பெரிய பாடகர்களில் ஒருவரும் அவற்றை மிஞ்சவில்லை.